வானவில் ஏற்றுமதிக்கு மட்டும்தானா?



சென்ற வாரம் அவிநாசி சாலையிலே தெருமுனைக் கூட்டம் முடிந்து, தொண்டை கட்டிப்போய், தேநீர்க்கடை பெஞ்சிலே அமர்ந்திருந்தேன். நம் வட்டத்துத் தோழர் ஒருவர், சுவரொட்டி ஒட்டுவதிலே சூரர், மேடை அமைப்பதிலே மன்னர், பசைவாளியைக் கீழே வைத்துவிட்டு, இடுப்பிலே செருகியிருந்த ஒரு பொருளை எடுத்தார். அவர் எடுத்த விதத்தையும், அக்கம்பக்கம் பார்த்த பார்வையையும் கண்டு, புட்டி என்றே எண்ணினேன். புத்தகம்!

"அண்ணா, காலேஜிலே படிக்கிற என் தம்பி தலையணைக்கு அடியிலே வெச்சிருந்தானுங்க. நம்ம பண்பாடு என்னாகும்? அடுத்த கூட்டத்திலே நீங்க இதைக் கிழிகிழின்னு கிழிக்கணுமுங்க" என்றார்.

கிழிப்பதற்கு முன் படிப்பது என் வழக்கம். எல்லோருக்கும் அந்த வழக்கம் இருப்பதில்லை. அன்றிரவே படித்து முடித்தேன்.

நூலின் பெயர் 'பாய்ஃப்ரெண்ட்ஸ்'. இந்தோனேசியாவைச் சேர்ந்த ஓவியர், ரெஃப்ரெயின்போ என்னும் புனைபெயரிலே, வெப்டூன் கைப்பேசித் தளத்தில் தொடராக வரைந்த படக்கதை. 2022-ஆம் ஆண்டு அச்சேறி நூலாக வந்தது. கல்லூரி மாணவர் நால்வர். அவர்களுக்குப் பெயர்கூட இல்லை, பட்டப்பெயர்தான். ஒருவன் விளையாட்டு வீரன், ஒருவன் புத்தகப்புழு, ஒருவன் கறுப்பாடைக்காரன், ஒருவன் மிடுக்கன். நால்வரும் ஆடவர். நால்வரும் ஒருவரை ஒருவர் காதலிக்கின்றனர். ஒருவருக்குத் தெரியாமல் மற்றவர் அல்ல. நால்வரும் அறிந்து, நால்வரும் ஒப்பி, நால்வரும் சிரித்துக்கொண்டு!

நாடகக்காரன் என்ற முறையிலே ஒரு குறையைச் சொல்லிவிடுகிறேன். கதை சப்பென்றிருக்கிறது. சர்க்கரை அதிகம், காரம் இல்லை. வில்லன் கிடையாது, சூழ்ச்சி கிடையாது, மூன்றாம் காட்சியிலே முழங்கும் இடி கிடையாது. என்னிடம் கொடுத்திருந்தால் இடைவேளைக்குள் ஒருவனையாவது சிறைக்கு அனுப்பியிருப்பேன். விலையோ, ஒரு தையல்காரரின் ஒரு நாள் கூலியை விழுங்கிவிடும் விலை. இவை குறைகள். ஒப்புக்கொள்கிறேன். ஆனால், பண்பாட்டைக் குலைக்க வந்த படையெடுப்பு என்கிறாரே நம் தோழர், அந்தக் குற்றச்சாட்டைத்தான் நான் புரட்டிப் புரட்டிப் பார்க்கிறேன், அகப்படவில்லை.

சின்னஞ்சிறு வயதிலே, அண்ணன்மார் படித்துப் போட்ட பழைய முத்து காமிக்ஸ் இதழ்களைப் படித்தவன் நான். 1972-இலே சிவகாசியிலிருந்து புறப்பட்ட இரும்புக்கை மாயாவி, மின்சாரத்தைத் தொட்டவுடன் மறைந்துவிடுவான். படித்த நாங்கள் யாரும் மின்செருகியிலே விரல் வைத்து மறைந்துவிடவில்லை. படக்கதை படித்த பிள்ளை படத்திலே உள்ளவனாகவே மாறிவிடுவான் என்று அஞ்சுகிறவர், பிள்ளைகளையும் அறியார், படக்கதையையும் அறியார்.

பண்பாடு! எவ்வளவு பெரிய சொல்! எவ்வளவு எளிதாக வாயில் வருகிறது!

நொய்யல் ஆற்றிலே ஏழு நிறமும் ஓடிற்றே, அப்போது கெடாத பண்பாடா இது? ஒரத்துப்பாளையம் அணையிலே சாயக்கழிவு தேங்கிக் கிணறெல்லாம் உவர்ப்பாகி, 2011 ஜனவரியிலே சாய ஆலைகளை மூடுங்கள் என்று உயர்நீதிமன்றம் ஆணையிடும் வரை, உழவர்கள் தாமே போராடினார்கள். பண்பாட்டுக் காவலர் எவரேனும் ஆற்றங்கரையிலே வந்து நின்றதுண்டா? 'சுமங்கலித் திட்டம்' என்று மங்கலமாகப் பெயர் சூட்டி, ஏழைப் பெண்களை நூற்பாலை விடுதிகளிலே அடைத்து, மூன்றாண்டு உழைத்தால் கல்யாணச் செலவுக்கு மொத்தமாகத் தொகை தருவோம் என்று ஆசை காட்டி, இடையிலே வெளியேறியவளை வெறுங்கையோடு அனுப்பினார்களே, அந்தப் பெண்களின் கண்ணீரைக் கண்டு எந்தக் காவலருக்கு உறக்கம் கெட்டது? நான்கு பொம்மைப் பிள்ளைகள் காகிதத்திலே கைகோத்து நின்றால் மட்டும் உறக்கம் கெடுகிறது!

"ஒருவனுக்கு ஒருத்தி, அதுதான் தமிழன் நெறி" என்பார்கள். சரி, ஒருவனும் ஒருத்தியும் சேர்ந்தபோது வாழ விட்டார்களா? 2016 மார்ச் 13. நம் மாவட்டம். உடுமலைப்பேட்டைப் பேருந்து நிலையத்தருகே, பட்டப்பகலிலே, ஊர் பார்த்திருக்க, சங்கர் என்ற பொறியியல் மாணவரை வெட்டிச் சாய்த்தார்கள். செய்த குற்றம் யாது? ஒரே ஒரு பெண்ணைக் காதலித்து, ஒரே ஒரு பெண்ணை மணந்தது! சாதி வேறு என்பதற்காக. எனவே, தோழரே, எண்ணிக்கை நான்கு என்பதாலே வந்த கோபமல்ல இது, ஆணும் ஆணும் என்பதாலே மட்டும் வந்த கோபமும் அல்ல. பெற்றோரும் சாதியும் பொறுக்கித் தராத துணையைப் பிள்ளைகள் தாமே தேடிக்கொண்டார்களே என்ற கோபம். அந்தக் கோபத்துக்கு இரண்டும் ஒன்று, நான்கும் ஒன்று.

இனி, 'நம்மிடம் இல்லாதது' என்கிறார்களே, அதையும் பார்த்துவிடுவோம். தசரதனுக்கு அறுபதினாயிரம் மனைவியர் என்று கதை சொல்வார்கள்; கேட்டுக் கன்னத்திலே போட்டுக்கொள்வார்கள். ஐவரை மணந்த திரௌபதிக்குக் கோயில் கட்டித் தீ மிதிப்பார்கள். மோகினியாக வந்த திருமாலுக்கும் சிவனுக்கும் பிறந்த பிள்ளையைக் காண மாலையணிந்து மலை ஏறுவார்கள். கடவுளுக்குச் சலுகை, கல்லூரி மாணவனுக்குத் தண்டனை! புராணத்தை விடுங்கள், நமக்கு அதிலே பற்றில்லை. நம் அகத்திணை என்ன சொல்கிறது? மருதத் திணையிலே பரத்தையிற் பிரிவு என்று ஒரு துறையே உண்டு. தலைவன் பரத்தை வீடு செல்வான்; தலைவி வாயிலிலே நின்று ஊடுவாள்; தோழி தூது பேசுவாள்; விடிந்ததும் அவன் நாணமின்றி வருவான். அவளுடைய ஒப்புதலை அவன் கேட்டதுண்டா? அவள் அவ்வாறு சென்றிருந்தால் வாயில் திறந்திருக்குமா? ஏமாற்றத்தை இலக்கியம் என்று போற்றும் நாம், ஏமாற்று இல்லாத ஓர் உறவைக் கண்டு முகம் சுளிக்கிறோம். என்னே விந்தை!

இந்த இடத்திலே நம் மகளிரணித் தோழியர் ஒரு கேள்வி கேட்பார்கள் என்பது எனக்குத் தெரியும். "பலரை நேசிக்கும் உரிமை என்று ஆரம்பித்தால், சின்ன வீடு வைத்திருக்கும் பண்ணையார் அல்லவா முதல் ஆளாக வந்து கைதட்டுவார்?" என்பார்கள். நியாயமான கேள்வி. இந்த விவகாரத்திலே நான் மதிக்கும் ஒரே எதிர்ப்பு இதுதான். இருதார மணத்தைச் சென்னை மாகாணம் 1949-இலேயே சட்டம் போட்டுத் தடுத்தது, பெண்ணின் கண்ணீரைக் கண்டு. அந்தச் சட்டத்தின் ஓர் எழுத்தைக்கூட அழிக்க நான் சொல்லமாட்டேன். பண்ணையாரின் சின்ன வீட்டிலே பணம் இருக்கிறது, அதிகாரம் இருக்கிறது, பெரிய வீட்டுக்காரிக்கு வாய் இல்லை, சின்ன வீட்டுக்காரிக்கு உரிமை இல்லை. யாருக்கு வாய் இருக்கிறது, யார் 'மாட்டேன்' என்று சொல்லிவிட்டு எழுந்து போகலாம் என்பதைப் பாருங்கள். அந்தப் படக்கதையின் நால்வரிலே எவனும் எவனுக்கும் சோறு போடும் எசமானன் அல்லன். எவனும் எப்போதும் எழுந்து போகலாம். பண்ணையார் கைதட்டினால், அவர் வீட்டு அம்மையாரிடம் அதே உரிமையைக் கொடுத்துவிட்டாரா என்று கேளுங்கள், கைதட்டல் நின்றுவிடும்.

தோழர் கிழிக்கச் சொன்னார். கிழிப்பதன் அடுத்த படி கொளுத்துவது. நம் கொங்கு மண்ணுக்கு அது புதிதா? பெருமாள்முருகன் 2010-இலே எழுதிய 'மாதொருபாகன்' நான்காண்டு அமைதியாக விற்ற நாவல். பிள்ளையில்லாத ஒரு குடியானவக் குடும்பத்தின் துயரம். 2014 டிசம்பரிலே திருச்செங்கோட்டிலே கொளுத்தினார்கள். கடையடைப்பு, மிரட்டல், பின்பு நாமக்கல்லிலே அதிகாரிகள் முன்னிலையிலே 'அமைதிப் பேச்சு'! எழுத்தாளன் இறந்துவிட்டான் என்று 2015 ஜனவரியிலே அவரே தமக்கு இரங்கல் எழுதும் நிலை. 2016 ஜூலை 5 அன்று உயர்நீதிமன்றம் தீர்ப்புக் கூறி அவரை மீண்டும் எழுதச் சொன்னது. கொளுத்தியவரிலே எத்தனை பேர் படித்திருந்தார்கள்? படித்தவர்கள் என்று சொல்லிக்கொண்டவர்கூட, அடிக்கோடிட்ட நாலு பக்க நகலைத்தான் படித்திருந்தார்கள். அந்தக் கூட்டத்தின் கடைசி வரிசையிலே நம் கொடியும் நிற்கவேண்டும் என்பதா உங்கள் விருப்பம்?

நம் வரலாறு வேறு. ஐயர் இல்லை, மந்திரம் இல்லை, தீ இல்லை, ஆகவே இது மணமே இல்லை என்று 1953-இலே சுயமரியாதைத் திருமணத்தை உயர்நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. மேடையிலே மாலை மாற்றிக்கொண்ட நம் தாத்தாவும் பாட்டியும் சட்டத்தின் கண்ணிலே யார்? அவர்கள் பெற்ற பிள்ளைகளை ஊர் எப்படி அழைத்தது? 1967-இலே அண்ணா கொண்டுவந்த சட்டம், நடந்து முடிந்த திருமணங்களையும் சேர்த்துச் செல்லுபடி ஆக்கிற்று. அதுவரை அந்த ஏச்சையெல்லாம் சுமந்தவர்களின் பேரர்கள் நாம். இன்னொருவரின் உறவைப் பார்த்து 'இது செல்லாது' என்று சொல்ல நமக்கு எப்படி நா எழும்?

நீதிமன்றங்களும் நடந்து வந்திருக்கின்றன, மெதுவாகத்தான். 2018 செப்டம்பர் 6 அன்று 377-ஆம் பிரிவின் நுகத்தை உச்சநீதிமன்றம் உடைத்தது. மதுரையிலிருந்து சென்னைக்கு ஓடிவந்த இரு பெண்களின் வழக்கை விசாரித்த நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ், எனக்கு இது புரியவில்லை என்று வெளிப்படையாகக் கூறி, உளவியலாளரிடம் மாணவனைப்போல் அமர்ந்து கேட்டறிந்து, 2021 ஜூன் 7 அன்று ஆணை பிறப்பித்தார். 'மாற்றிவிடுகிறேன்' என்று மருந்து கொடுக்கும் மோசடிக்குத் தடை விழுந்தது. 2022-இலே காவலர் நடத்தை விதியைத் திருத்தி, பால்புதுமையரைத் துன்புறுத்தலாகாது என்று தமிழ்நாடு அரசு எழுதிற்று. இழிசொல்லுக்கு மாற்றாக மதிப்புச் சொற்களை அரசிதழிலே வெளியிட்டது. 2023 அக்டோபரிலே திருமண உரிமை மட்டும் உச்சநீதிமன்றத்தின் வாசலிலே திரும்பி வந்துவிட்டது. ஒரு நீதிபதி 'எனக்குத் தெரியாது' என்று சொன்னாரே, அதை நினைத்து நினைத்து நான் வியக்கிறேன். மேடைப் பேச்சாளன் எவனும் வாழ்நாளில் சொல்லாத சொல் அது.

நானும் சொல்லியதில்லை. அதனால்தான் இதை எழுத வேண்டியிருக்கிறது.

கல்லூரியிலே இரண்டாம் ஆண்டோடு என் படிப்பு நின்றது. கட்டணம் கட்ட வழியில்லை, பனியன் கம்பெனிக்குப் போனேன், அது வேறு கதை. நிற்பதற்கு முன் விடுதி விழாவுக்கு நான் எழுதியதுதான் என் முதல் நாடகம். பலரிடம் பெருமையாகச் சொல்லியிருக்கிறேன், முதல் நாடகத்துக்கே அரங்கம் அதிர்ந்தது என்று. எதைப் பற்றிய நாடகம் என்று சொன்னதில்லை. விடுதியிலே இரு மாணவர்கள். ஒருவன் மற்றவனுக்கு எழுதிய கடிதம் யார் கையிலோ சிக்கி, உணவுக்கூடத்திலே உரக்கப் படிக்கப்பட்டது. நான் அதை நகைச்சுவைக் காட்சியாக்கினேன். சேலை கட்டிய ஒருவன், மாலை போட்ட ஒருவன், அடுக்குமொழி, எதுகை, மோனை! இருநூறு பேர் சிரித்தார்கள். கடிதம் எழுதியவன் மூன்றாம் வரிசையிலே அமர்ந்திருந்தான். எழுந்து போகவும் இல்லை, சிரிக்கவும் இல்லை. மறு வாரம் அவன் கட்டில் காலியாக இருந்தது. எங்கே போனான் என்று நான் விசாரிக்கவில்லை. இன்றுவரை தெரியாது.

இந்தப் படக்கதையிலே வில்லன் இல்லை என்றேனே! ஏன் இல்லை என்று படித்து முடித்த இரவிலேதான் விளங்கிற்று. அந்த விடுதியிலே என்னைப்போல் ஒரு நாடகக்காரன் இல்லை.

ஒருவேளை அவன் திருப்பூருக்கே வந்திருக்கலாம். எந்த ஊர், என்ன சாதி என்று கேட்குமுன் "ஓவர்லாக் தெரியுமா? பவர் டேபிள் தெரியுமா?" என்று கேட்கும் ஊரல்லவா இது! தேனியிலிருந்தும் திருவாரூரிலிருந்தும், ஒடிசாவிலிருந்தும் பீகாரிலிருந்தும், ஊரிலே வாழ முடியாதவர்கள் எல்லாம் வந்து லைன் வீட்டிலே ஓர் அறை பிடித்து வாழும் ஊர். ஓர் அறையிலே இரு பெண்கள் இருந்தால், வாடகையைப் பகிர்கிறார்களா வாழ்வைப் பகிர்கிறார்களா என்று நேற்றுவரை யாரும் எட்டிப் பார்த்ததில்லை. எட்டிப் பார்க்கும் பழக்கத்தை நாமே மேடை போட்டுக் கற்றுக்கொடுப்பதா?

ஆண்டுக்குப் பல்லாயிரம் கோடி ரூபாய்க்குப் பின்னலாடை ஏற்றுமதி செய்யும் ஊர் நம்முடையது. பால்புதுமையரின் திருவிழா மாதம் என்று மேலைநாட்டார் ஜூன் மாதத்தைக் கொண்டாடுகிறார்கள். அதற்கு முன்பாக, நண்பர் ஒருவரின் பிரிண்டிங் பட்டறையிலே நான் பார்த்திருக்கிறேன். நெஞ்சிலே வானவில் அச்சிட்ட பனியன்கள், அட்டியட்டியாக! நிறம் ஒன்றுகூட மங்கக்கூடாது என்று செக்கிங் பெண்கள் விளக்கொளியிலே ஒவ்வொன்றாகத் திருப்பிப் பார்க்கிறார்கள். சற்றே நிறம் பிசகினால் தனியே எடுத்துப் போடுகிறார்கள். "இது என்ன அம்மா?" என்று ஒருவரைக் கேட்டேன். "பையரு ஆர்டருங்க, ஏதோ அவங்க ஊரு நோம்பி" என்றார்.

தோழரே, அந்த பனியனைத் தைத்த கூலியிலேதான் உங்கள் தம்பியின் கல்லூரிக் கட்டணம் போகிறது. நீங்களே என்னிடம் சொன்னது, கட்டிங் மேசையிலே இரவு ஷிப்டும் பார்த்துக் கட்டுகிறீர்கள் என்று. கடல் கடந்து போகும்போது வானவில் கண்ணுக்கு நிறைவாக இருக்கிறது, கப்பலேறாமல் இங்கேயே தங்கிவிட்டால் பண்பாட்டுக்குக் கேடாகிவிடுகிறதா?

உங்கள் தம்பியிடம் ஏன் அந்தப் புத்தகம் இருந்தது என்று எனக்குத் தெரியாது. பொழுதுபோக்குக்காக இருக்கலாம். ஆங்கிலம் பழக இருக்கலாம். வேறு காரணமும் இருக்கலாம். அவன் சொல்ல விரும்பினால் சொல்லுவான், அதுவும் உங்கள் முகத்தைப் பார்த்துவிட்டுத்தான் சொல்லுவான். தலையணையைத் தூக்கிப் பார்க்காதீர்கள்.

வரும் சனிக்கிழமைக் கூட்டத்திலே நான் பேசுவது நூல் விலையையும் பீஸ் ரேட்டையும் பற்றித்தான், சுவரொட்டியை அப்படியே அடித்துவிடுங்கள். புத்தகம் என் மேசைமேல் இருக்கிறது. தம்பியையே வந்து வாங்கிக்கொள்ளச் சொல்லுங்கள். நடுவிலே ஒரு பக்கத்தில் தேநீர்க் கறை இருக்கும். அது என்னால் ஆனது, மன்னிக்கச் சொல்லுங்கள்.