இடிபடுவது யாருடைய வீடு?

பஞ்சாபில் ஹெராயினுக்கு மக்கள் இட்ட பெயர் ‘சிட்டா’. வெள்ளை என்பது பொருள். 2025 மார்ச்சில் அங்கு ஆம் ஆத்மி அரசு ‘போதைக்கு எதிரான போர்’ தொடுத்தது. ஆயுதம் புல்டோசர். போதைப்பொருள் விற்றதாகக் குற்றஞ்சாட்டப்பட்டோரின் வீடுகள் கேமராக்களின் முன் இடிக்கப்பட்டன. தண்டனையாக வீட்டை இடிக்க அரசுக்கு அதிகாரமில்லை என்று 2024 நவம்பரில்தான் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்திருந்தது. ‘அனுமதியற்ற கட்டடங்கள்’ என்பது அரசின் விளக்கம். அனுமதி பற்றிய அக்கறை, வழக்குப் பதிவான பிறகுதான் பிறந்தது போலும்!

மகனைப் பறிகொடுத்த தாய் இதற்குக் கைதட்டினால் அவரைக் குறைகூற இயலாது. அவரது கண்ணீரை வாக்காக மாற்ற முனையும் அரசையே கேட்க வேண்டும்: இடிபட்டது யாருடைய வீடு?

1985ஆம் ஆண்டின் போதைப்பொருள் தடுப்புச் சட்டப்படி, ஹெராயினின் ‘வணிக அளவு’ 250 கிராம். 2021 செப்டம்பரில் குஜராத்தின் முந்த்ரா துறைமுகத்தில், டால்க் கல் என்ற பெயரில் இரு கண்டெய்னர்களில் வந்திறங்கிப் பிடிபட்டது ஏறத்தாழ 3000 கிலோ. வணிக அளவைப்போல் 12,000 மடங்கு. இதற்கு முதலிடவும் கப்பலேற்றவும் தெருமுனையில் பொட்டலம் விற்பவனால் முடியுமா? அவர்களில் பலர், தமக்கு வேண்டிய ஊசிக்காகவே விற்கும் நோயாளிகள்.

ஆம், நோயாளிகள். நாட்டில் ஓபியாய்டு பழக்கத்திலிருந்து மீள உதவி தேவைப்படுவோர் சுமார் 77 லட்சம் பேர் என்றது எய்ம்ஸின் 2019 ஆய்வறிக்கை. ஆனால் சட்டத்தின் 27ஆம் பிரிவு, ஹெராயின் நுகர்வுக்கே ஓராண்டு வரை சிறை என்கிறது. தாமாகச் சிகிச்சைக்கு முன்வருவோருக்கு வழக்கிலிருந்து விலக்களிக்கிறது 64ஏ பிரிவு. முன்னதற்குக் காவல் நிலையங்கள் உண்டு. பின்னதற்குப் போதிய மருத்துவமனைகள் எங்கே? சிறையில் உடலின் தாங்குதிறன் குறைகிறது. வெளியே வந்து பழைய அளவையே ஏற்றிக்கொள்ளும் இளைஞன் இறக்கிறான்.

‘கடுமை காட்டாவிட்டால் வியாபாரி தப்பிவிடுவான்’ என்று நம் அணிகளுக்குள்ளும் சிலர் கருதுகின்றனர். கடுமை வேண்டும், தோழர்களே. அது மேல்நோக்கிப் பாயவேண்டும். பணம் போகும் தடத்தைத் தொடர்ந்து, முதலிட்டவனின் வாசலில் நிற்கட்டும். கீழே இருப்பவர்களுக்குத் தேவை ப்யூப்ரெனார்ஃபின் போன்ற மருந்தும், சுத்தமான ஊசியும், மீண்டபின் வேலையும்.

நுகர்வைக் குற்றமாக்கும் பிரிவை நீக்கு. மாவட்டந்தோறும் கட்டணமற்ற சிகிச்சை கொடு. இளைஞருக்கு வேலை கொடு. இம்முழக்கங்களைக் கிளைதோறும் கொண்டுசெல்வோம். வீட்டை இடிப்பவர்களால் அந்த வீட்டின் பிள்ளையை மீட்க முடியாது.