காவலனே சாவியை நீட்டினால்?

பாலக்காடு:

ரேஷன் அட்டை, ஆதார், வங்கிக் கணக்கு எண் ஆகியவற்றை வாளையாறு முதல் குமுளி வரை வேலை செய்யும் நம்மவர்கள் கொடுக்காத அலுவலகம் இல்லை. கொடுத்த விவரம் முன்போல் பீரோவில் பூட்டப்படுவதில்லை. தனியார் நிறுவனங்களிடம் வாடகைக்கு எடுத்த 'கிளவுடு' கம்ப்யூட்டர்களில் பல வேளை அது போய்ச் சேருகிறது.

2020ல் கேரள அரசு கொரோனா விவரங்களை அமெரிக்காவின் ஸ்பிரிங்கிளர் நிறுவனத்திடம் ஒப்படைத்தபோது பெரும் சர்ச்சை எழுந்தது. ஆள் அடையாளத்தை நீக்கிய பிறகே விவரம் தரவேண்டும், மக்களின் சம்மதம் பெறவேண்டும் என்று கேரள உயர் நீதிமன்றம் அவ்வாண்டு ஏப்ரல் 24ல் இடைக்கால உத்தரவிட்டது. அங்கே எழுந்த கேள்வி சம்மதம் பற்றியது. திருட்டு எப்படி நடக்கும் என்பதை அதற்கு முந்தைய ஆண்டே அமெரிக்கா கண்டுவிட்டது.

2019ல் கேபிடல் ஒன் வங்கியில் கிரெடிட் கார்டுக்கு மனுச் செய்த சுமார் 10 கோடி அமெரிக்கர், 60 லட்சம் கனடியர் விவரங்கள் களவு போயின. கதவை யாரும் உடைக்கவில்லை. அமேசானிடம் வாடகைக்கு எடுத்த ஒவ்வொரு கம்ப்யூட்டருக்கும் 169.254.169.254 என்ற உள்முகவரி உண்டு. வெளியார் அதை எட்ட முடியாது. உள்ளிருந்து கேட்டால், கிடங்கைத் திறக்கும் தற்காலிகச் சாவியை அது தரும். காவலுக்கு வைத்த 'ஃபயர்வால்' தவறாக அமைக்கப்பட்டிருந்தது. வெளியிலிருந்து வந்த கோரிக்கையை அதுவே உள்ளே கொண்டுபோய், சாவியை வாங்கி நீட்டிவிட்டது. அந்தச் சாவிக்குத் தேவைக்கு மேல் அதிகாரமும் இருந்தது.

பரிகாரம் கடினமானதல்ல. முதலில் ஒரு டோக்கன் பெற்று, அதைக் காட்டினால்தான் சாவி என்ற முறையை அமேசான் 2019 நவம்பரில் கொண்டுவந்தது. முகவரியை மட்டும் மாற்றி அனுப்புகிறவனுக்கு டோக்கன் எளிதில் கிட்டாது. ஆனால் பழைய கம்ப்யூட்டர்களில் பழைய வழியை வாடகைதாரரே மூடவேண்டும். இணையதளம் எந்தெந்த முகவரிக்குப் போகலாம் என்று வரம்பு கட்டவேண்டும். சாவிக்கு வேலைக்குத் தேவையான அதிகாரம் மட்டுமே போதும்.

அந்த வங்கிக்கு 2020ல் 8 கோடி டாலர் அபராதம் விழுந்தது. பாதிக்கப்பட்டோர் தொடுத்த வழக்கில் 19 கோடி டாலர் தர அது சம்மதித்தது. நம் நாட்டில் 2023ம் ஆண்டு டிஜிட்டல் தனிநபர் தகவல் பாதுகாப்புச் சட்டம் ரூ.250 கோடி வரை அபராதத்துக்கு இடமளிக்கிறது. ஆனால் அந்தப் பணம் அரசின் தொகுப்பு நிதிக்குப் போகும்; பறிகொடுத்த தோட்டத் தொழிலாளிக்கு அச்சட்டத்தில் நஷ்டஈடு இல்லை.

ஆகவே நமக்கு வரும்முன் காப்பதே வழி. நம் விவரங்களை வாங்கும் இலாகாக்களும் கம்பெனிகளும் ஒப்பந்தம் போடும்போதே இந்தக் காவல்களை நிபந்தனையாக எழுதவேண்டும். எழுதினீர்களா என்று கேட்கும் கடமை தொழிற்சங்கங்களுக்கும், நம் ஓட்டைப் பெற்றவர்களுக்கும் உண்டு.