பிரெட்டி எங்கட ஆள் என்றால், சன் சிட்டியும் எங்கட கணக்கில்தான்



ஒவ்வொரு நவம்பர் 24ஆம் திகதியும் எங்கட ஃபீட் முழுக்க ஒரே படம்தான். மஞ்சள் ஜாக்கெட், மீசை, மேலே தூக்கின கை. குயின் இசைக்குழுவின் பாடகர் பிரெட்டி மெர்க்குரி 1991இல் எய்ட்ஸால் இறந்த நாள் அது. படத்துக்குக் கீழே அவருடைய பிறப்புப் பெயர், ஃபரோக் புல்சாரா. பக்கத்தில் "எங்கட ஆள்" என்று ஒரு வரி. போன வருசம் வரைக்கும் நானும் போட்டனான். இனிமேல் போட்டால், 1984ஐயும் சேர்த்துத்தான் போடுவன்.

அவரை ஏன் பிடிக்குது என்று எனக்கு நல்லாத் தெரியும். 1946இல் சான்சிபாரில் பார்சி குடும்பத்தில் பிறந்தவர். மகாராஷ்டிராவில் பஞ்ச்கனியில் விடுதியில் இருந்து படிச்சவர். 1964 சான்சிபார் புரட்சியோட குடும்பம் ஊரை விட்டு லண்டன் பக்கம் ஃபெல்தமுக்கு வந்தது. ஹீத்ரோவில் பொதி தூக்கியிருக்கிறார். இந்தக் கதையை எங்கட வீடுகளில் ஆருக்கும் விளங்கப்படுத்தத் தேவையில்லை. ஆசிரியரின் வாய்க்கு ஏற்ற மாதிரிப் பெயரைச் சுருக்கின எங்களுக்கு, பெயரையே மாத்தினவரில் கோபமும் வராது.

இனி 1984 ஒக்டோபருக்கு வருவம். குயின் தென்னாபிரிக்காவுக்குப் போய் சன் சிட்டியில் தொடர் கச்சேரி செய்தது. சன் சிட்டி என்பது போபுதட்ஸ்வானாவில் இருந்த ஆடம்பர கசினோ. கறுப்பின மக்களின் குடியுரிமையைப் பறிக்கிறதுக்காக நிறவெறி அரசு வரைந்த பொய் நாடுகளில் ஒண்டுதான் போபுதட்ஸ்வானா. 1977இல் அதற்குச் "சுதந்திரம்" குடுத்தார்கள். நிறவெறி ஆட்சிக்கு வெளியே உலகத்தில் ஒரு நாடும் அதை ஏற்கவில்லை. தென்னாபிரிக்காவில் சூதாட்டம் தடை என்பதால் வெள்ளையர் அங்கே போய் விளையாடினார்கள். உலக நட்சத்திரங்கள் அங்கே பாடப்பாட, பொய் நாடு உண்மை நாடு மாதிரித் தெரியத் தொடங்கும். அந்த மேடையின் வேலையே அதுதான்.

தெரியாமல் போனவை என்று சொல்ல ஏலாது. ஐ.நா. பொதுச்சபை 1980இலேயே பண்பாட்டுப் புறக்கணிப்பைக் கேட்டிருந்தது. மீறின கலைஞர்களின் பட்டியலை 1983இல் இருந்து ஐ.நா. வெளியிட்டது. பிரித்தானிய இசைக்கலைஞர் சங்கமும் தன் உறுப்பினர்களைப் போகவேண்டாம் என்றது. கச்சேரிக்கு ஒரு மாதம் முன்னர்தான், செப்டம்பர் 3ஆம் திகதி, வாடகை உயர்வை எதிர்த்து ஷார்ப்வில், செபொக்கெங் சனம் தெருவில் இறங்கிச் சுடுபட்டது. அதற்குப் பிறகும் குயின் போனது. சங்கம் அபராதம் போட்டது. குழுவின் பெயர் ஐ.நா. பட்டியலில் ஏறியது.

குழு சொன்ன நியாயம் இதுதான்: நாங்கள் அரசியல் ஆக்கள் இல்லை, கேட்க வாற எல்லாருக்கும் வாசிப்பம், பார்வையாளரைப் பிரிக்கவில்லை. சரி, மண்டபத்துக்குள்ள பிரிக்கவில்லை. மண்டபம் நிண்ட நாடே பிரிச்சு வெட்டின துண்டு. புறக்கணிப்பு என்பது வேலைநிறுத்த வாசல் மாதிரி. உள்ள போறவர் நல்ல மனுசரா என்று ஆரும் கேட்கிறதில்லை. போனாரா இல்லையா, அவ்வளவுதான்.

"எல்டன் ஜோன் போகவில்லையா? ரொட் ஸ்ருவர்ட் போகவில்லையா? வெள்ளையரை விட்டிட்டு, இனவெறிக்குள்ள வளர்ந்த ஒரு அகதியை ஏன் பிடிக்கிறாய்?" என்று ஒரு தோழர் கேட்டார். நியாயமான கேள்வி. பதில்: அவையின்ர படத்தை நாங்கள் எங்கட பதாகையில் ஒட்டுறதில்லை. 2018இல் வந்த படமும் இதே வேலையைத்தான் செய்தது. ஹீத்ரோவில் அவரை இனவெறிச் சொல்லால் ஏசுறதைக் காட்டும். 1985 ஜூலை லைவ் எய்ட் மேடையை அணு அணுவாகக் காட்டும். அதற்கு ஒன்பது மாதம் முன்னர் நடந்த சன் சிட்டி மட்டும் படத்தில் இல்லை. அவருக்குச் செய்த அநியாயம் இருக்கு, அவர் பங்கெடுத்த அநியாயம் இல்லை.

இது எங்களுக்கு ஏன் முக்கியம்? 2010 ஜூனில், முள்ளிவாய்க்கால் முடிஞ்சு ஒரு வருசத்தில், கொழும்பில் ஹிந்தித் திரையுலகின் ஐஃபா விருது விழா நடந்தது. போகாதையுங்கோ என்று தமிழ்த் திரையுலகமும் எங்கட சனமும் கேட்டது. அமிதாப் பச்சன் உட்படப் பலர் போகவில்லை. போனவைக்குச் சொல்லப்பட்ட நியாயம் என்ன? கலை வேற, அரசியல் வேற. அன்றைக்கு அந்த வசனத்தைக் கேட்டு எங்கட வீடுகள் கொதிச்சது. அதே வசனத்தை பிரெட்டிக்கு மட்டும் எப்படி விடுறது?

பிரையன் மேயும் ரொஜர் ரெய்லரும் 2003இல் கேப் ரவுனில் மண்டேலாவின் எய்ட்ஸ் நிதிக் கச்சேரியில் வாசித்தார்கள். அவர்களை மேடைக்குக் கூப்பிட்டது தென்னாபிரிக்கர். மன்னிக்கிறதும் அவர்களின் உரிமை. அதை நாங்கள் இங்க இருந்து எடுத்துக் குடுக்க முடியாது.

பாட்டைக் கேளுங்கோ, நானும் கேட்பன். ஆனால் பலஸ்தீனர் 2004இல் இருந்து கேட்கிற பண்பாட்டுப் புறக்கணிப்பை நாளைக்கு எங்கட நிறத்தில், எங்கட பெயரில் ஒரு கலைஞர் மீறினால், "பாவம், எங்கட பிள்ளைதானே" என்று தொடங்காதையுங்கோ. எங்கட பிள்ளை என்றபடியால்தான் முதல் கடிதம் எங்களிட்ட இருந்து போகவேணும்.