பகலில் தேடும் யானை, இரவில் வரும் யானை

முதுமலைத் தெப்பக்காட்டில் வனத்துறை வேனில் ஏறி, காட்டுக்குள் ஒரு மணி நேரம் போய் வர வேண்டும் என்ற ஆசை இன்று பலருக்கும் இருக்கிறது. தெப்பக்காடு யானை முகாமைப் பற்றிய குறும்படம் 2023-ல் ஆஸ்கார் பரிசு பெற்ற பிறகு அந்த ஆசை மேலும் வளர்ந்துவிட்டது. விவசாயக் குடும்பங்களும் அறுவடை முடிந்து கையில் நாலு காசு இருக்கும் சமயத்தில் வேன் பிடித்துப் போகிறார்கள். போக வேண்டியதுதான். ஆனால் யானை பார்க்கப் போகும் விவசாயி, அதே யானையால் உறக்கம் இழந்த இன்னொரு விவசாயியையும் நினைத்துப் பார்ப்பது நல்லது.

தஞ்சைப் பக்கத்து நெல் விவசாயி ஒருவரும் சத்தியமங்கலத்தை அடுத்த கடம்பூர் மலைக் கேழ்வரகு விவசாயி ஒருவரும் பஸ்ஸில் அடுத்தடுத்து உட்கார நேர்ந்தால் பேச்சு எப்படிப் போகும்?

"யானை பாக்கத்தான் புள்ளைங்கள அழைச்சிக்கிட்டுப் போறேங்க."

"ஏனுங்க, அதுக்கு இத்தன தூரமா வாரீங்க? நாங்க தேடியே போறதில்லைங்க. அதுவே எங்க காட்டுக்கு வந்துருதுங்க."

கொங்குச் சீமையில் மானாவாரி நிலத்தைக் 'காடு' என்பது வழக்கம். கிணற்றுப் பாசனம் உள்ளது தோட்டம்; மழையை நம்பி விதைப்பது காடு. தஞ்சைக்காரர் மரம் அடர்ந்த காட்டை நினைத்துக்கொண்டு தலையாட்டுவார். மலைக்காரர் சொல்வதோ நாலு மாதம் பாடுபட்டுக் கதிர் பிடித்து நிற்கும் கேழ்வரகு நிலத்தை. யானைக்கு இந்த இரண்டு காட்டுக்கும் இடையே வேற்றுமை தெரியாது. தெரிந்தாலும், இரண்டாவதைத்தான் அது விரும்புகிறது. அதற்குக் காரணம் உண்டு.

சுற்றுலா வேனில் போவோருக்கு யானை காணக் கிடைப்பது உறுதியல்ல. புள்ளிமான் கூட்டமும் மயிலும் தென்படும்; அதிர்ஷ்டம் இருந்தால் காட்டெருமையும் நிற்கும். யானை இருந்த அடையாளங்களோ எங்கும் கிடக்கும். ஒடித்துப் போட்ட மூங்கில், பட்டை உரித்த மரம், முதுகைத் தேய்த்ததால் ஆளுயரத்துக்கு மேல் சேறு அப்பிய அடிமரம், வழியெல்லாம் லத்தி. இவற்றைப் பார்த்தாலே அரைக்கல்வி வந்துவிடும். பெரும்பாலோர் இவற்றைக் கவனிப்பதில்லை என்பதுதான் வருத்தம். யானையின் முதுகு ஒன்று புதருக்குப் பின்னால் தெரிந்தால் போதும், வேனே ஒரு பக்கம் சாய்கிற மாதிரி எல்லோரும் எழுந்து நிற்கிறார்கள்.

வேனை விட்டு இறங்கியதும் முகாமில் யானைகளுக்குத் தீனி கொடுப்பதைப் பார்க்கலாம். விவசாயி ஊன்றிப் பார்க்க வேண்டிய இடம் இதுவே. பாகன்கள் பெரிய பெரிய உருண்டைகளாகப் பிடித்து வாயில் ஊட்டுவது கேழ்வரகுக் களி. அதோடு வேகவைத்த கொள்ளும் அரிசியும் வெல்லமும் உப்பும் தேங்காயும் சேர்கின்றன. தழையும் புல்லும் போக, வேலை செய்யும் யானையின் உடம்பு தேறுவதற்கு இந்தத் தீனி வேண்டும் என்பது பாகன்களின் நெடுநாளைய அனுபவம். காட்டு யானைக்குப் பாகன் இல்லை. ஆனால் அதே கேழ்வரகு எல்லைக் காடுகளில் ஏக்கர் கணக்கில் நிற்கிறது.

நூறு கிராம் கேழ்வரகில் ஏறத்தாழ 350 மில்லிகிராம் சுண்ணாம்புச் சத்து இருக்கிறது. அரிசியில் அதில் முப்பதில் ஒரு பங்குகூடத் தேறாது. காட்டுப் புல் மழைக்குப் பின் தளிராக இருக்கும்போது சத்துள்ளது. முற்றிவிட்டால் நார்தான் மிஞ்சும், புரதம் குறைந்துவிடும். கேழ்வரகு பூத்துக் கதிர் பிடிக்கும் ஐப்பசி, கார்த்திகை மாதங்களில் காட்டுப் புல் முற்றத் தொடங்குகிறது. 1980-களின் தொடக்கத்தில் சத்தியமங்கலம், சாம்ராஜ்நகர் மலைப்பகுதிகளில் யானைகளை ஆராய்ந்த ராமன் சுகுமார் இதைத் தெளிவாகக் காட்டியிருக்கிறார். காட்டுப் புல்லைவிடப் பயிரில் புரதமும் சுண்ணாம்பும் உப்புச் சத்தும் மிகுதி. யானை பயிருக்கு வருவது காட்டில் தீனி இல்லாமல் மட்டும் அல்ல, வெளியே நல்ல தீனி இருப்பதாலும்தான் என்பது அவர் கண்டது. வளர்ந்த ஆண் யானைகள் பெண் யானைகளைக் காட்டிலும் பல மடங்கு அதிக இரவுகள் பயிருக்கு வருகின்றன என்றும் அவர் கணக்கிட்டார். குட்டிகளோடு இருக்கும் பெண் யானை ஆபத்துக்கு அஞ்சும். தனித்த கொம்பனுக்கு அந்தக் கவலை இல்லை. நன்றாகத் தின்று உடல் பெருத்தால்தான் இணை சேரும் போட்டியில் அது வெல்ல முடியும்.

வளர்ந்த யானை ஒன்றுக்கு நாளொன்றுக்கு 150 கிலோ அளவில் பசுந்தீவனம் வேண்டும். காட்டில் அதற்குப் பகலும் இரவுமாக நடந்து நடந்து மேய வேண்டும். பயிரில் நின்ற இடத்திலேயே வயிற்றை நிரப்பலாம். தின்பது போக மிதிபடுவது தனி. ஒரே இரவில் அரை ஏக்கர் போய்விட்டால் அந்தக் குடும்பத்துக்கு அந்த வருஷத்துக் களி போயிற்று.

இதனால்தான் எல்லை விவசாயி மரத்தில் பரண் கட்டி இரவெல்லாம் விழித்திருக்கிறார். ஒரு கையில் டார்ச், ஒரு கையில் தகரம். காலையில் வந்து களை எடுக்க வேண்டும். ஆட்டை ஓட்ட வேண்டும். இந்த இரவுக் கூலியை எந்தச் சாகுபடிச் செலவுக் கணக்கிலும் யாரும் எழுதுவதில்லை. பயிர்ச் சேதத்துக்கு அரசு இழப்பீடு உண்டு. ஆனால் கேழ்வரகுக்கு விலை போடலாம், போன உறக்கத்துக்கு என்ன விலை போடுவது?

மனம் வெறுத்த சிலர் தவறான வழிக்குப் போகிறார்கள். வீட்டு மின்சாரத்தை அப்படியே கம்பியில் ஏற்றிவிடுகிறார்கள். 2023 மார்ச்சில் தருமபுரி மாவட்டம் மாரண்டஅள்ளி அருகே இப்படிப்பட்ட வேலியில் சிக்கி மூன்று யானைகள் மாண்டன. இரண்டு குட்டிகள் தாயில்லாமல் நின்றன. வேலி போட்டவர் கைதானார். யானை மட்டுமா சாகிறது? விடியலில் தண்ணீர் பாய்ச்சப் போகும் சொந்த வீட்டு ஆளும், பக்கத்துக் காட்டுக்காரரின் மாடும் இதே கம்பியில்தான் மாட்டுகிறார்கள். 230 வோல்ட் மின்சாரம் இடைவிடாமல் பாயும்; பிடித்த கையைத் தசை விடாது. சூரிய சக்தி வேலியின் தத்துவம் வேறு. அதில் பாய்வது பல ஆயிரம் வோல்ட் ஆனாலும், ஏறக்குறைய நொடிக்கு ஒரு முறை, கண் இமைப்பதைவிடக் குறைந்த நேரம் தட்டிவிட்டு நின்றுவிடும். அதிர்ச்சி உண்டு, உயிருக்கு மோசம் இல்லை. முறையான கருவி இல்லாமல் மின்வேலி போடக்கூடாது என்று தமிழக அரசு 2023-ல் விதிகளும் வகுத்திருக்கிறது.

சூரிய வேலியைப் போட்டுவிட்டால் வேலை தீர்ந்தது என்று எண்ணுவதும் பிழை. கம்பியில் களை ஏறினால் மின்சாரம் மண்ணுக்குப் போய்விடும். மின்கலத்தைக் கவனிக்காவிட்டால் ஒரே வருஷத்தில் வேலி வெறும் கொடிக்கம்பி ஆகிவிடும். யானையும் லேசுப்பட்டதல்ல. கொம்பில் மின்சாரம் ஏறாது என்பதைக் கண்டுகொண்டு கொம்பாலேயே கம்பியை அறுக்கிறது. மரத்தை வேலிமேல் தள்ளிவிட்டு உள்ளே வருகிறது. அகழி வெட்டிய இடங்களில் இரண்டு மழைக்குக் கரை சரிந்து வழி உண்டாகிவிடும். ஆகவே ஊர் கூடி, முறை வைத்து, வாரம் ஒருமுறை வேலியைச் சுற்றிப் பார்க்கும் இடங்களில்தான் அது பலன் தருகிறது. தனி ஆள் வேலி யானையைப் பக்கத்து வீட்டுக்காரர் காட்டுக்குத் திருப்பிவிடும், அவ்வளவே. எல்லை ஓரத்தில் மிளகாய், மஞ்சள் போன்ற யானை தின்னாத பயிர்களை வைத்துப் பார்க்கலாம். மிதிபடுவது குறையாது என்றாலும் தேடி வருவது குறையும். வால்பாறையில் யானை நிற்கும் இடத்தைச் செல்பேசிச் செய்தியாலும் சிவப்பு விளக்காலும் முன்கூட்டி அறிவித்து உயிர்ச் சேதத்தைக் குறைத்திருக்கிறார்கள். பயிர் எல்லைகளிலும் அதைப் பரவலாகச் செய்யலாம்.

இதற்கெல்லாம் பணம் யார் தருவது என்ற கேள்வி வரும். இங்கேதான் சுற்றுலாவுக்கு வர வேண்டும். 2006-ல் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் திருத்தப்பட்டபோது, ஒவ்வொரு புலிகள் காப்பகத்துக்கும் ஓர் அறக்கட்டளை அமைக்க வகை செய்யப்பட்டது. பார்வையாளர் கட்டணம் அதில் சேர்கிறது. சுற்றுவட்டார மக்களின் நலமும் அதன் நோக்கங்களில் ஒன்று. வேன் சீட்டுப் பணத்தில் ஒரு பங்கை, எல்லைக் கிராமங்களில் வேலிப் பராமரிப்புக்கும் இரவுக் காவலுக்கும் என்று தனியே ஒதுக்கி, எந்த ஊருக்கு எவ்வளவு போயிற்று என்பதை வேன் புறப்படும் இடத்திலேயே பலகையில் எழுதி வைக்க வேண்டும். யானையைக் காண ஒருவர் காசு கொடுக்கிறார். அந்த யானைக்குத் தீனியின் ஒரு பகுதியை இன்னொருவர் காசு வாங்காமல் கொடுத்துக்கொண்டிருக்கிறார். இது எந்தக் கணக்கிலும் நியாயமாகாது. 2023-ல் தமிழகத்தில் 2,961 யானைகள் என்றும் 2024-ல் 3,063 என்றும் கணக்கெடுப்பு சொல்கிறது. எண்ணிக்கை கூடியதில் எல்லோருக்கும் மகிழ்ச்சிதான். அதற்கான செலவும் எல்லோருடையதாக இருக்க வேண்டும்.

சுற்றுலாவினால் கெடுதலும் உண்டு. சீகூர் பகுதியில் யானை நடக்கும் பாதைகளில் தங்கும் விடுதிகள் முளைத்து, வேலி போட்டு, இரவில் விளக்குப் போட்டு, வழியை அடைத்தன. யானை வழித்தடத்தைக் காக்கும் அரசின் நடவடிக்கை சரியே என்று 2011-ல் சென்னை உயர் நீதிமன்றமும், 2020 அக்டோபரில் உச்ச நீதிமன்றமும் தீர்ப்பளித்தன. வழி அடைபட்ட யானை வேறு வழி தேடும். அந்த வழி பெரும்பாலும் யாரோ ஒருவர் பயிரில்தான் போய் முடியும். 2021 ஜனவரியில் மசினகுடியில் தங்கும் விடுதி ஒன்றிலிருந்து எரியும் பொருளை யானைமேல் எறிந்ததையும் அது செத்ததையும் நாடே பார்த்தது. யானை பார்க்கப் போகிறவர் எங்கே தங்குகிறோம் என்பதையும் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும். ரோட்டோரம் வண்டியை நிறுத்திப் பழத்தைப் போடுகிற பழக்கமும் இப்படித்தான். வண்டியில் தீனி உண்டு என்று கற்றுக்கொண்ட யானை நாளைக்கு வாழைத்தார் ஏற்றிவரும் விவசாயியின் டெம்போவை மறிக்கும்.

இன்னொரு யோசனையும் சொல்லத் தக்கது. வேனில் ஒரு மணி நேரம் காட்டைப் பார்த்தவர்களை, பகல் வெளிச்சத்தில், வனத்துறை அனுமதியோடு, எல்லைக் கிராமத்து விவசாயி ஒருவரின் நிலத்துக்கு அழைத்துப் போகலாம். பரண், அகழி, வேலிக் கருவி, மிதிபட்ட வரப்பு எல்லாவற்றையும் அவரே காட்டி விளக்கட்டும். தலைக்கு இவ்வளவு என்று கட்டணம் நேரே அவர் கைக்குப் போகட்டும். வீட்டு அம்மா கேழ்வரகுக் களியும் கீரைக் கடைசலும் கொடுத்தால் அதற்கும் தனியாகக் காசு வாங்கிக்கொள்ளலாம். கதிர் முற்றும் கார்த்திகையில் போனால் முந்தின இரவில் வந்துபோன யானையின் அடிச்சுவடும் வரப்பில் ஈரமாக இருக்கும். வேனில் யானை காணக் கிடைக்காதவர்கள் அதையாவது பார்த்துவிட்டுப் போகலாம்.