கடலில் அடிபட்டவனுக்கு எந்தக் கோர்ட்?

வேதாரண்யத்தை ஒட்டி ஆறுகாட்டுத்துறை. வடக்கே புஷ்பவனம், வெள்ளப்பள்ளம். இந்தக் கரைகளில் விடியற்காலையில் நின்று பார்த்தவர்களுக்குத் தெரியும், திரும்பி வரும் படகை எதிர்பார்த்து நிற்கும் பெண்களின் முகம் எப்படி இருக்கும் என்று. மீன் எவ்வளவு என்று கேட்பதற்கு முன்னால், போனவர்கள் எல்லாரும் வந்துவிட்டார்களா என்றுதான் எண்ணுகிறார்கள்.

காரணம் உண்டு. அண்மை ஆண்டுகளில் இந்தக் கரைப் படகுகள் நடுக்கடலில் வழிமறிக்கப்படுவது பலமுறை நடந்துவிட்டது. இரவு நேரத்தில் வேகப் படகில் சிலர் வருகிறார்கள். கத்தி, இரும்புக் கம்பி காட்டி மிரட்டுகிறார்கள். வலை, என்ஜின், திசை காட்டும் கருவி, செல்போன், பிடித்த மீன் எல்லாம் போகின்றன. தடுத்தவனுக்கு வெட்டு விழுகிறது. கரைக்கு வந்ததும் அடிபட்டவன் ஆஸ்பத்திரிக்குப் போகிறான். கடலோரக் காவல் போலீசார் வழக்குப் பதிவு செய்கிறார்கள். "அடையாளம் தெரியாத இலங்கைக் கடற்கொள்ளையர்" என்று பத்திரிகையில் நாலு வரி வருகிறது. அத்துடன் கதை முடிந்தது.

பிறகு அந்த வழக்கு என்ன ஆகிறது? அதுதான் இன்று நாம் கேட்கும் கேள்வி.

குற்றவாளி என்றால் கோர்ட் உண்டு

இதே மீனவன் எல்லை தாண்டினான் என்று இலங்கைக் கடற்படையிடம் பிடிபடட்டும். சில நாட்களுக்குள் பருத்தித்துறையிலோ, ஊர்காவற்றுறையிலோ, மன்னாரிலோ ஒரு நீதிபதியின் முன் நிறுத்தப்படுவான். காவலில் வைப்பார்கள், அபராதம் விதிப்பார்கள், படகைப் பறிமுதல் செய்வார்கள். அந்நியப் படகுகளுக்கான அபராதத்தை 2018-ல் இலங்கை பெருமளவு உயர்த்தியும் விட்டது.

ஆக, அவன் குற்றம் சாட்டப்பட்டவன் என்றால் அவனுக்கு ஒரு கோர்ட் இருக்கிறது. அவன் அடிபட்டவன் என்றால்?

சட்டத்துக்குக் குறைவில்லை. இந்தியாவில் பதிவான படகின் மேல் யார் குற்றம் செய்தாலும், அது எந்தக் கடலில் நடந்தாலும், நம் குற்றவியல் சட்டப்படி விசாரிக்கலாம். பழைய தண்டனைச் சட்டத்திலும் இது இருந்தது. 2024 ஜூலை முதல் நடப்பில் உள்ள புதிய சட்டத்திலும் இருக்கிறது. ஆனால் குற்றவாளி அக்கரையில் இருக்கிறான். சாட்சி இக்கரையில் இருக்கிறான். நடுவில் அறுபது கிலோமீட்டர் தண்ணீர். வேதாரண்யம் போலீசார் அதைத் தாண்டிப் போய் யாரையும் பிடிக்க முடியாது. தாண்டிப் பிடித்துத் தர வேண்டிய இரண்டு சர்க்கார்களும் கடிதம் எழுதிக்கொள்வதோடு நின்றுவிடுகின்றன.

கேரளத்துக் கடலில் நடந்தது

முடியவே முடியாது என்று சொல்லிவிடுவதற்கும் இல்லை. 2012 பிப்ரவரி 15-ம் தேதி நடந்ததை நேயர்கள் மறந்திருக்க மாட்டார்கள். கேரளக் கரையிலிருந்து சுமார் 20 கடல் மைல் தூரத்தில் "செயின்ட் ஆண்டனி" என்ற மீன்பிடி படகு. அந்த வழியே போன "என்ரிகா லெக்ஸி" என்ற இத்தாலிய எண்ணெய்க் கப்பலிலிருந்து கடற்படை வீரர்கள் சுட்டார்கள். இரண்டு மீனவர்கள் செத்தார்கள். அவர்களில் ஒருவர் நமது கன்னியாகுமரி ஜில்லாக்காரர்.

கப்பலைத் துறைமுகத்துக்கு வரவழைத்தார்கள். இரண்டு வீரர்கள் கைதானார்கள். கேரளத்துக்கு அதிகாரம் இல்லை, மத்திய சர்க்கார் தனிக் கோர்ட் அமைக்க வேண்டும் என்று 2013 ஜனவரியில் சுப்ரீம் கோர்ட் சொல்லிற்று. இத்தாலி விடவில்லை. 2015-ல் ஹாம்பர்க் நகரத்துக் கடல் சட்ட நீதிமன்றம் வரை வழக்குப் போயிற்று. பிறகு ஹேக் நகரில் நடுவர் மன்றம். 2020-ல் தீர்ப்பு வந்தது: அந்த வீரர்களை இந்தியக் கோர்ட் விசாரிக்க முடியாது, ஆனால் இத்தாலி நஷ்டஈடு தந்தாக வேண்டும். பத்துக் கோடி ரூபாய் வந்து சேர்ந்த பிறகே, 2021 ஜூன் 15-ல் சுப்ரீம் கோர்ட் வழக்கை முடித்து வைத்தது. இறந்தவர்களின் குடும்பங்களுக்குத் தலா 4 கோடி; படகின் பேரில் 2 கோடி.

சுட்டவர்கள் இந்தியச் சிறையில் தண்டனை அனுபவிக்கவில்லை என்ற குறை உண்டு. ஆயினும் ஒன்பது வருஷம் வழக்கு உயிரோடு இருந்தது. ஏன்? இந்திய சர்க்கார் தானே வழக்காடியது. மீனவனின் வழக்கைத் தன் வழக்காக எடுத்துக்கொண்டது.

2017 மார்ச் 6-ம் தேதி தங்கச்சிமடத்து மீனவ இளைஞர் ஒருவர் கடலில் குண்டு பாய்ந்து இறந்தார். நாங்கள் சுடவில்லை என்று இலங்கைக் கடற்படை மறுத்தது. அந்த வழக்கு எந்தச் சர்வதேச மன்றத்தின் படியையும் ஏறவில்லை.

பூட்டிய கதவுகள்

ஹேக் நகரில் உலக நீதிமன்றம் இருக்கிறதே என்பார்கள். அங்கே தனி மனிதன் வழக்குப் போட முடியாது. ஒரு நாடு இன்னொரு நாட்டின் மேல்தான் போட முடியும். அதிலும் காமன்வெல்த் நாடுகளுடன் வரும் தகராறுகளை அந்த நீதிமன்றம் விசாரிக்கக் கூடாது என்று இந்தியா 1974-லேயே எழுதிக் கொடுத்திருக்கிறது. 2019-லும் அதையே திருப்பி எழுதிற்று. இலங்கை காமன்வெல்த் நாடு. ஆகவே அந்தக் கதவுக்குத் தாழ்ப்பாள் போட்டவர்கள் நாமே.

ஐரோப்பாவுக்கு மனித உரிமை நீதிமன்றம் உண்டு, அமெரிக்கக் கண்டத்துக்கு உண்டு, ஆப்பிரிக்காவுக்கும் உண்டு. ஆசியாவுக்கு இல்லை.

மிச்சம் ஜெனீவா. அங்கே ஐக்கிய நாடுகளின் மனித உரிமைக் குழுவுக்குத் தனி மனிதனே மனுப் போடலாம். ஆனால் அவன் குறை சொல்லும் நாடு அதற்குச் சம்மதித்திருக்க வேண்டும். இந்தியா சம்மதிக்கவில்லை. இலங்கை 1997-ல் சம்மதித்தது. எனவே இலங்கையின் மேல் குறை உள்ளவன், இலங்கைக் கோர்ட்டுகளில் முதலில் முயன்று பார்த்துவிட்டு, இந்தியனாக இருந்தாலும் அங்கே போகலாம். கடலில் நடந்தது என்பதும் தடையாகாது. மத்தியதரைக் கடலில் 2013-ல் அகதிப் படகு மூழ்கி இருநூறு பேருக்கு மேல் மாண்டபோது, நேரத்தில் உதவி அனுப்பாத இத்தாலியின் மேல் தவறு உண்டு என்று அதே குழு 2021-ல் சொல்லியிருக்கிறது.

ஆனால் குழுவின் சொல்லுக்கு இலங்கைக் கோர்ட்டில் மதிப்பு உண்டா? சிங்கராசா வழக்கைப் பாருங்கள். வாக்குமூலம் ஒன்றை மட்டும் வைத்து 35 வருஷத் தண்டனை பெற்ற தமிழர் அவர். அது நியாயமான விசாரணை அல்ல என்று 2004-ல் ஜெனீவாக் குழு சொல்லிற்று. 2006-ல் இலங்கை சுப்ரீம் கோர்ட், 1997-ல் கொடுத்த சம்மதமே அரசியல் சட்டப்படி செல்லாது என்று கையை விரித்துவிட்டது. கதவு திறந்திருக்கிறது, உள்ளே போனால் சுவர்!

அக்கரையிலும் ஒரு மீனவன்

ஒன்றை மறைக்கக் கூடாது. யாழ்ப்பாணத்து மீனவனும் தமிழன்தான். யுத்தத்தில் பல வருஷம் கடலை இழந்தவன். 2009-க்குப் பிறகு கடன் வாங்கி வலை போட்டான். நம் பக்கத்து இழுவைப் படகுகள் அவனுடைய வலையை அறுத்துக்கொண்டு போகின்றன. அவன் எந்தக் கோர்ட்டில் நஷ்டஈடு கேட்பான்? வேதாரண்யத்துக்கு வந்து பிராது கொடுப்பானா? இவனுக்கு இல்லாத வழி அவனுக்கும் இல்லை. கேட்க ஆள் இல்லாத கடலில் கத்தி எடுத்தவனே நீதிபதியாகிவிடுகிறான்.

செய்ய வேண்டியது

2016-ல் இரு நாட்டு மந்திரிகளும் பேசி, மீனவர் பிரச்னைக்குக் கூட்டுப் பணிக்குழு அமைத்தார்கள். அதிகாரிகள் கூடிப் பேசுவது நல்லதுதான். அதனுடன், இரு நாட்டிலிருந்தும் ஓய்வு பெற்ற நீதிபதி ஒவ்வொருவரைக் கொண்ட விசாரணை மன்றம் ஒன்று வேண்டும். இக்கரைச் சாட்சி இக்கரையிலிருந்தே காணொளியில் சாட்சி சொல்லட்டும். வெட்டு வாங்கியவனும் வலை இழந்தவனும் அதே மன்றத்தில் முறையிடட்டும். நஷ்டஈட்டை அது முடிவு செய்யட்டும். குற்றவாளியை அவரவர் நாட்டுக் கோர்ட் தண்டிக்கட்டும்.

அதுவரை, அடிபட்டவனுக்கு நம் சர்க்கார் முதலில் பணம் கொடுத்துவிட்டுப் பிறகு இலங்கையிடம் கேட்கட்டும். இலவச சட்ட உதவி வக்கீல்கள் இந்தக் கரை கிராமங்களுக்கு வந்து, மருத்துவச் சான்று, படகுப் பதிவு, நடந்த இடத்தின் குறிப்பு எல்லாவற்றையும் அன்றன்றே சேகரித்துக் கொடுக்கட்டும். தாள் இல்லாத வழக்கு எந்த மன்றத்திலும் நிற்காது.

1930 ஏப்ரல் 30-ம் தேதி இதே வேதாரண்யத்தில் ராஜாஜி ஒரு பிடி உப்பை எடுத்தார். அதற்கு ஆறு மாதச் சிறைத் தண்டனை கிடைத்தது. ஏழை கடலிலிருந்து ஒரு பிடி எடுத்தால் தண்டிக்க அன்று கோர்ட் தயாராக இருந்தது. அந்த ஏழையே அடிபட்டுக் கரை ஒதுங்கினால் அவன் சொல்லைக் கேட்க இன்றும் ஒரு கோர்ட் இல்லை. சுதந்திர நாட்டில் இந்தக் குறையைத் தீர்க்க வேண்டியவர்கள் யார்? டில்லி பதில் சொல்லட்டும். கொழும்பும் பதில் சொல்லட்டும்.