துரையின் கையொப்பம்

தேசிய அடையாள அட்டை பெற விரும்பும் கிராமவாசி தன் விண்ணப்பத்தோடு கிராம உத்தியோகத்தரிடம் செல்கின்றான். அவர் அரசாங்க ஊழியர். விண்ணப்பிப்பவனுக்குக் கூலி கொடுப்பவர் அல்லர். ஆனால், மலையகத் தோட்டத்திற் கொழுந்து பறிக்கும் பெண்ணின் விண்ணப்பத்தை அத்தாட்சிப்படுத்துபவர் தோட்ட அத்தியட்சகர். அவளிடம் வேலை வாங்குபவரும் அவரே. அவள் இன்னாள் என்று அரசுக்குச் சாட்சி சொல்பவரும் அவரே!

"தோட்டத்துப் பதிவேடு அவரிடந்தானே இருக்கின்றது, இதிலென்ன தவறு?" எனச் சிலர் கேட்பர். அப்பதிவேடு உழைப்பைக் கணக்கிடுவதற்கானது. குடிமக்களை இனங்காண்பதோ அரசின் கடமை. ஒன்றை மற்றொன்றாகக் கொள்வதே தவறு.

இம்மக்களைப் பிறர் கணக்கிட்ட வரலாறு நீண்டது. 1948ஆம் ஆண்டின் பிரஜாவுரிமைச் சட்டம் அவர்களை நாடற்றோராக்கிற்று. 1964இல் சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் 525,000 பேர் இந்தியாவுக்கு, 300,000 பேர் இலங்கைக்கு என அவர்களைக் கேளாமலே பங்கிட்டது. எஞ்சியோருக்குப் பிரஜாவுரிமை வழங்கும் சட்டம் 2003இலேதான் வந்தது. உரிமை வந்த பின்னரும் அதன் வாயில் துரையின் காரியாலயத்திலா இருக்க வேண்டும்?

வாக்குச்சாவடி, பரீட்சை மண்டபம், வங்கி எங்கும் கேட்கப்படுவது இவ்வட்டையே. சம்பளத்துக்காகத் துரையை எதிர்த்துக் குரலெழுப்பியவள், மறுநாள் அதே துரையின் கையொப்பத்துக்காக அவர் வாசலிற் காத்து நிற்பதா?

கிராமத்துக்கு ஒரு வழி, தோட்டத்துக்கு ஒரு வழி என்னும் நிலை ஒழிய வேண்டும். லயத்து மக்களின் விண்ணப்பத்தையும் கிராம உத்தியோகத்தரே அத்தாட்சிப்படுத்தட்டும். நாம் கோருவது சலுகையன்று, சமத்துவம்.