ராத்திரி 2 மணிக்கு ஒரு நம்பர்

அப்பாவை ராத்திரி 2 மணிக்கு ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். "இன்ஷூரன்ஸ் நம்பர்?" என்றார்கள் கவுண்டரில். என் செல்போனில்தான் இருந்தது. அதாவது, இன்டர்நெட்டில் எங்கேயோ. அங்கே சிக்னல் பூஜ்யம். அம்மா மஞ்சள் பையிலிருந்து அப்பாவின் டைரியை எடுத்து நீட்டினாள். பி.காம். படித்தவனுக்கு இது தேவைதான்.

அப்பா தேறிவிட்டார். நானும் திருந்தினேன். 'டிட்லிவிக்கி' என்று ஓர் இலவச சாஃப்ட்வேர். 2004-ல் ஜெரமி ரஸ்டன் உருவாக்கியது. மொத்தமே ஒரே ஒரு ஃபைல். புரோகிராமும் அதற்குள்ளே, நாம் எழுதுவதும் அதற்குள்ளே. பென் டிரைவில் போட்டு எடுத்துப்போனால், வேறு கம்ப்யூட்டரிலும் பிரௌசரில் திறக்கலாம். நெட் வேண்டாம். கேஸ் நம்பர், பாலிசி தேதி, பிளம்பர் போன் எல்லாம் துண்டு துண்டாக எழுதி, ஒன்றோடொன்று கோத்துவிடலாம். தேடினால் நொடியில் வரும்.

இரண்டு ஜாக்கிரதை. ஸேவ் செய்தால் பெரும்பாலும் புதுசாக ஒரு காப்பி இறங்கும். பழசைத் திறந்து ஏமாறாதீர்கள். பாஸ்வேர்டு போட்டுப் பூட்டுங்கள். இல்லையென்றால் பென் டிரைவ் தொலைந்த அன்று உங்கள் ஜாதகம் ஊருக்கே தெரியும்.

அம்மாவிடம் பெருமையாகக் காட்டினேன். "நல்லாத்தான் இருக்கு. ராத்திரி 2 மணிக்கு கம்ப்யூட்டருக்கு நான் எங்கேடா போவேன்?" என்றாள்.

இப்போதெல்லாம் மாசா மாசம் பிரின்ட் எடுத்து அப்பாவின் டைரியில் ஒட்டிவிடுகிறேன்.